ரோபோ என்பது கூலியாளின் பெயர்

(எழுத்தாளர் காரெல் சாப்பெக்கின் வாழ்வையும் படைப்புகளையும் பற்றி, ஆலைத் தொழிலாளர்களும் விவசாயத் தொழிலாளர்களும் கூடிய வாசகசாலைக் கூட்டம் ஒன்றில் நிகழ்த்திய சொற்பொழிவு)



முதலில் உங்களிடம் ஒரு கேள்வி. 'ரோபோ' என்ற சொல்லைக் கேள்விப்படாதவர்கள் இங்கே யாராவது உண்டா? இருந்தால் கையைத் தூக்குங்கள். ஒருவரும் தூக்கவில்லை. பள்ளிக்கூடத்துப் பிள்ளைக்கும் தெரியும். சினிமா பார்த்த பாட்டிக்கும் தெரியும். மனிதனைப் போல வேலை செய்யும் யந்திரம் என்று பளிச்சென்று பதில் சொல்லிவிடுவீர்கள்.

சரி, இந்தப் பெயரை வைத்தது யார்? விஞ்ஞானியா? யந்திரம் விற்கும் கம்பெனியா? இருவருமே இல்லை. நிலப்பிரபுவின் வயலில் கூலியில்லாமல் கட்டாயத்தின் பேரில் முதுகொடிய உழைத்தானே ஒரு குடியானவன், அவனுடைய உழைப்புக்கு இருந்த பெயர்தான் இது. அதை எடுத்து உலகத்துக்குக் கொடுத்தவர் ஒரு கதாசிரியர், காரெல் சாப்பெக். விஞ்ஞானக் கற்பனைக் கதைகளும் நாடகங்களும் எழுதியவர்.

"கற்பனைக் கதை எழுதியவரைப் பற்றி ஆலைத் தொழிலாளிக்கும் வயல் தொழிலாளிக்கும் என்ன பேச்சு?" என்று ஒரு இளைஞர் இப்போது வாசலில் என்னைக் கேட்டார். நியாயமான கேள்வி. அதற்குப் பதில் சொல்லத்தான் நான் இங்கே நிற்கிறேன்.

வாரத்தில் மூன்று நாள் வெட்டி வேலை

ஐரோப்பாவின் நடுவில் பொஹீமியா என்றொரு பிரதேசம் உண்டு. பிராக் நகரம் அதன் தலைநகர். இன்று அது செக் குடியரசைச் சேர்ந்தது. பல நூறு ஆண்டுகள் அது ஆஸ்திரியச் சக்கரவர்த்திகளின் ஆட்சியில் இருந்தது. அங்கே நிலமெல்லாம் பிரபுக்களுடையது. குடியானவன் தன் துண்டு நிலத்தில் பாடுபடுவதற்கு முன்னால் பிரபுவின் நிலத்தில் கூலியில்லாமல் உழைத்தாக வேண்டும். நம் பேச்சில் சொன்னால் வெட்டி வேலை. செக் மொழியில் அதற்கு 'ரொபோத்தா' என்று பெயர்.

1775ஆம் ஆண்டு பொஹீமியாவில் பஞ்சமும் வெட்டி வேலையும் சேர்ந்து நெரித்தபோது, குடியானவர்கள் கிளர்ந்தெழுந்தார்கள். வடகிழக்குப் பகுதியில் ர்த்தினே என்ற கிராமத்தில் மூண்ட தீ அது. கூட்டம் கூட்டமாகப் பிராக் நகரை நோக்கி நடந்தார்கள். பட்டாளம் வந்தது. க்லுமெட்ஸ் என்ற ஊரில் அவர்களில் பலரைக் குளத்துக்குள் விரட்டி மூழ்கடித்தார்கள். எதிலாவது படுதோல்வி அடைந்தவனைக் குறித்து, 'க்லுமெட்ஸ் குடியானவர்கள் கதிதான்' என்று சொல்லும் பழமொழி அந்த மக்களிடையே இன்றும் இருக்கிறது.

ஆனால் அந்த இரத்தம் வீண் போகவில்லை. அதே ஆண்டு மரியா தெரேசா மகாராணி ஒரு சாசனம் போட வேண்டியதாயிற்று. வெட்டி வேலை வாரத்துக்கு மூன்று நாளுக்கு மேல் கூடாது என்று அதில் வரம்பு கட்டினார்கள். மூன்று நாள்! அதைத்தான் பெரிய கருணை என்றார்கள். வெட்டி வேலை முற்றாக ஒழிந்தது 1848ஆம் ஆண்டுப் புரட்சியில்தான். அப்போதும் பிரபுக்களுக்கு நஷ்டஈடு கொடுத்துத்தான் ஒழித்தார்கள்.

ர்த்தினே கிராமத்தை அடுத்து மாலே ஸ்வாதோனோவிட்சே என்ற சிற்றூர். 1890ஆம் ஆண்டு ஜனவரி 9ஆம் தேதி அங்கேதான் காரெல் சாப்பெக் பிறந்தார். 'ரொபோத்தா' என்ற சொல் அந்த மண்ணில் அகராதியைப் பார்த்துத் தெரிந்துகொள்ளும் சொல் அல்ல. பாட்டன் முதுகில் தழும்பாக இருந்த சொல்.

வைத்தியர் வீட்டுப் பிள்ளை

சாப்பெக் தொழிலாளி வீட்டில் பிறந்தவர் அல்ல. அவருடைய தந்தை கிராமத்து டாக்டர். குடும்பம் பக்கத்திலிருந்த ஊபிட்சே என்ற ஊருக்குக் குடிபோயிற்று. அது நூற்பாலைகளும் நெசவாலைகளும் உள்ள ஊர். ஆலைச் சங்கின் சத்தத்தில் வளர்ந்த பிள்ளை அவர். அண்ணன் யோசெப் மூன்று வயது மூத்தவர், ஓவியர். அண்ணனும் தம்பியும் சேர்ந்தே எழுதத் தொடங்கினார்கள்.

காரெல் பிராக் பல்கலைக்கழகத்தில் தத்துவம் படித்து 1915ல் டாக்டர் பட்டம் பெற்றார். இளம் வயதிலேயே முதுகெலும்பு நோய் அவரைப் பிடித்துக்கொண்டது. கழுத்தைத் திருப்புவதே கஷ்டம். முதல் உலக யுத்தத்தில் அவர் வயதுப் பையன்கள் எல்லாம் போர்முனைக்கு ஓட்டிச் செல்லப்பட்டபோது, இந்த நோயால் அவர் தப்பினார். திரும்பி வராத நண்பர்களையும், கை கால் இழந்து திரும்பியவர்களையும் பார்த்துக்கொண்டே பத்திரிகையில் வேலை செய்தார். 1921 முதல் 'லிதோவே நோவினி' என்ற தினசரியில் கடைசிவரை எழுதினார்.

1908ல், காரெலுக்கு வயது பதினெட்டு, அண்ணனும் தம்பியும் ஒரு சிறுகதை எழுதினார்கள். 'சிஸ்டம்' என்று தலைப்பு. அதில் ஒரு முதலாளி வருகிறான். தொழிலாளியிடம் எனக்கு வேண்டியது அவன் உழைப்பு மட்டும்தான், மற்றதெல்லாம் இடைஞ்சல் என்பது அவன் கொள்கை. தொழிலாளிக்கு ரசனை கூடாது, ஆசை கூடாது, அன்பு கூடாது, சிந்தனை கூடாது. எல்லாவற்றையும் கழித்துவிட்டு, கொட்டடியில் அடைத்து, உழைக்கும் கையை மட்டும் வைத்துக்கொள்கிறான். ஒரே ஒரு தொழிலாளியின் மனத்தில் அழகுணர்ச்சி தட்டுகிறது. அவ்வளவுதான், கலகம் மூள்கிறது!

பதினெட்டு வயதில் விழுந்த இந்த வித்துதான் பன்னிரண்டு வருஷம் கழித்து மரமாக முளைத்தது.

டிராமில் பிறந்த நாடகம்

ஒரு நாள் சாப்பெக் பிராக் நகருக்கு டிராமில் போனார். மூச்சு விட முடியாத கூட்டம். படிக்கட்டு வரை ஜனங்கள் அடைந்து நிற்கிறார்கள். ஆட்டு மந்தை என்றுகூட அவருக்குத் தோன்றவில்லை, யந்திரங்கள் என்று தோன்றியதாம். உழைக்க மட்டும் தெரிந்த, சிந்திக்கத் தெரியாத மனிதனை ஒரு தொழிற்சாலை செய்து விற்றால் எப்படி இருக்கும் என்று நினைத்துக்கொண்டே போனார். நாடகம் உருவாயிற்று. அந்தச் செயற்கை மனிதனுக்கு என்ன பெயர் வைப்பது என்று தெரியவில்லை. அண்ணனிடம் போனார். யோசெப் தூரிகையை வாயில் கவ்விக்கொண்டு படம் தீட்டிக்கொண்டிருந்தார். தம்பி 'லபோரி' என்று ஒரு பெயர் யோசித்திருந்தார். அது புத்தக வாடை அடிக்கிறது என்று அவருக்கே திருப்தியில்லை. அண்ணன் திரும்பிக்கூடப் பார்க்காமல், 'ரோபோட்' என்று வைத்துவிடு என்று முணுமுணுத்துவிட்டுப் படத்தைத் தொடர்ந்தார். ரொபோத்தா செய்கிறவன் ரோபோட். அந்தச் சொல்தான் தேய்ந்து நம் வாயில் ரோபோ ஆயிற்று. இதை 1933ல் சாப்பெக்கே தம் பத்திரிகையில் எழுதி, பெருமை என் அண்ணனுக்கே என்று சொன்னார்.

நாடகத்தின் பெயர் 'ஆர். யு. ஆர்.' ரோசும் கம்பெனியின் சர்வலோக ரோபோக்கள் என்று பொருள். 1920ல் புத்தகமாக வந்தது. 1921 ஜனவரி 25ஆம் தேதி பிராக் தேசிய நாடக அரங்கில் மேடையேறியது. 1922ல் நியூயார்க், 1923ல் லண்டன். சில வருஷங்களில் உலகம் முழுவதும் அந்தச் சொல் பரவிவிட்டது.

நரம்பு நூற்கும் ஆலை

ஆலைத் தோழர்களே, இங்கே கொஞ்சம் காது கொடுங்கள். சாப்பெக்கின் ரோபோவுக்கு இரும்பு உடம்பு கிடையாது. சதையைப் போன்ற ஒரு பொருளை ரசாயன முறையில் தயாரிக்கிறார்கள். தொட்டிகளில் மாவு பிசைவது போலப் பிசைகிறார்கள். நரம்பையும் இரத்தக் குழாயையும் எங்கே செய்கிறார்கள் தெரியுமா? நூற்பாலையில்! ஆம், கதிரில் நூல் ஓடுவது போல அங்கே நரம்பு ஓடுகிறது. பிறகு மோட்டார் கார் பூட்டுவதைப் போல எல்லா உறுப்புகளையும் பூட்டுகிறார்கள். பார்த்தால் உங்களையும் என்னையும் போலவே இருக்கும். ஊபிட்சே ஊரில் ஆலையைப் பார்த்து வளர்ந்தவர் எழுதியது என்பது இதிலேயே தெரிகிறதல்லவா?

கம்பெனியின் தலைமை நிர்வாகி டோமின் என்பவன். ஒரு ரோபோ இரண்டரைத் தொழிலாளியின் வேலையைச் செய்யும் என்று அங்கே கணக்குச் சொல்கிறார்கள். கோபம் இல்லை, சிரிப்பு இல்லை, ஆசை இல்லை. கூலி இல்லை, ஓய்வு இல்லை, சங்கம் இல்லை. முதலாளி காணும் கனவிலேயே உயர்ந்த கனவு!

அதில் ஒரு சிக்கல். ரோபோவுக்கு வலி தெரியாது. யந்திரத்தில் கை மாட்டினால் கூட இழுத்துக்கொள்ளாது, விரல் நசுங்கிப் போகும். கம்பெனிக்கு நஷ்டம். ஆகவே ரோபோவுக்கு வலியை உண்டாக்க வேண்டும் என்று கம்பெனியின் டாக்டர் ஆராய்ச்சி செய்கிறார். இரக்கத்தால் அல்ல, சேதாரம் குறைய வேண்டுமே என்பதற்காக! தோழர்களே, ஆலையில் பாதுகாப்பு வளையம் எந்தக் கணக்கில் போடப்படுகிறது, எந்தக் கணக்கில் போடப்படாமல் விடப்படுகிறது என்று தெரிந்தவர்கள் நீங்கள். இந்த இடத்தில் சாப்பெக் என்ன சொல்கிறார் என்று உங்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை.

சில சமயம் ஒரு ரோபோ திடீரென்று வேலையை நிறுத்தி, பல்லைக் கடித்து, கையிலிருப்பதைக் கீழே போட்டுவிடும். அது யந்திரக் கோளாறு என்கிறது நிர்வாகம். உடனே அதை நொறுக்குக் கிடங்குக்கு அனுப்புகிறார்கள். அங்கே வந்த ஹெலனா என்ற பெண், இது கோளாறு இல்லை, ஆத்மா விழிக்கும் அடையாளம் என்கிறாள். வேலைநிறுத்தத்தை நிர்வாகம் எப்போதும் கோளாறு என்றுதானே சொல்லியிருக்கிறது!

யார் கையில் துப்பாக்கி?

பிறகு நடப்பதைக் கவனியுங்கள். ரோபோக்கள் மலிவாகக் குவிகின்றன. தொழிலாளர்கள் வேலை இழக்கிறார்கள். ஆத்திரத்தில் ரோபோக்களை அடித்து நொறுக்குகிறார்கள். அப்போது ஆளுகிறவர்கள் என்ன செய்கிறார்கள்? ரோபோக்களின் கையில் துப்பாக்கி கொடுத்துத் தொழிலாளர்களைச் சுடச் சொல்கிறார்கள். அது பலித்தவுடன், ரோபோக்களைப் பட்டாளமாக்கி ஒரு தேசம் இன்னொரு தேசத்தின் மீது யுத்தம் தொடுக்கிறது. சுடக் கற்றுக்கொடுத்தவர்கள் மீதே ஒரு நாள் அந்தத் துப்பாக்கி திரும்புகிறது. உலகத்து ரோபோக்கள் எல்லாம் சேர்ந்து கிளம்பிவிடுகின்றன.

தீவில் இருக்கும் தொழிற்சாலையை ரோபோக்கள் சூழ்ந்துகொண்டன. உள்ளே நிர்வாகிகள் சாவை எதிர்பார்த்து உட்கார்ந்திருக்கிறார்கள். இதற்கெல்லாம் யார் குற்றவாளி என்று பேச்சு வருகிறது. வியாபார நிர்வாகி சொல்கிறார்: குற்றவாளி தனி ஆள் யாருமில்லை, ஆர்டர்தான். ரோபோ வேண்டும், ரோபோ வேண்டும் என்று ஆர்டர் குவிந்தது, நாம் செய்து அனுப்பினோம், இடையில் நிறுத்த யாருக்கும் கை வரவில்லை. லாபத்தின் வேகம் தன்னை ஓட்டுகிறவனையே இழுத்துக்கொண்டு போய்க் குழியில் தள்ளும் என்பதை, பொருளாதாரப் புத்தகம் எழுதாமல், ஒரு வியாபார நிர்வாகியின் வாயால் சொல்லிவிட்டார் சாப்பெக்.

டோமினுக்கு ஒரு யோசனை தோன்றுகிறது. தோழர்களே, நாடகத்திலேயே பயங்கரமான இடம் இதுதான் என்பது என் அபிப்பிராயம். உலகத்துக்கெல்லாம் ஒரே மாதிரி ரோபோ செய்தது தப்பு என்கிறான். இனிமேல் தேசத்துக்கொரு தொழிற்சாலை. ஒவ்வொன்றிலும் வெவ்வேறு நிறம், வெவ்வேறு மொழி. ஒருவன் பேச்சு மற்றவனுக்குப் புரியக்கூடாது. ஒரு தொழிற்சாலை முத்திரை குத்திய ரோபோ மற்றொரு முத்திரை குத்திய ரோபோவைக் காலமெல்லாம் வெறுக்கும்படி வளர்க்க வேண்டும். அப்படிச் செய்தால் அவை ஒருநாளும் ஒன்று சேரமாட்டா, நாம் நிம்மதியாக ஆளலாம்.

இதைச் செய்ய டோமினுக்கு நேரம் கிடைக்கவில்லை. நாடகத்துக்கு வெளியே, நிஜமான உலகத்தில், நிறத்தையும் மொழியையும் மதத்தையும் பிறப்பையும் சொல்லி உழைக்கிறவனை உழைக்கிறவனிடமிருந்து பிரித்து வைக்கிறவர்களுக்கு எப்போதும் நேரம் கிடைத்துவிடுகிறது.

உயிர் பிழைத்த ஒருவன்

ரோபோக்கள் சுவரேறிக் குதித்து எல்லா மனிதரையும் கொல்கின்றன. ஒரே ஒருவனை மட்டும் விட்டுவிடுகின்றன. அவன் பெயர் அல்க்விஸ்ட். கம்பெனியின் கட்டட வேலைகளுக்குத் தலைவன். பெரிய பதவிதான். ஆனால் மனம் சங்கடப்பட்டால் அவன் மேலங்கியை மாட்டிக்கொண்டு சாரத்தில் ஏறி, கொத்தனாரோடு நின்று செங்கல் அடுக்குகிறவன். கையால் வேலை செய்கிறவன், நம்மைப் போன்றவன் என்று ரோபோக்கள் அவனைக் கொல்லாமல் விடுகின்றன.

ஆட்சி கைக்கு வந்த பிறகும் ரோபோக்களுக்கு வேலையைத் தவிர வேறொன்றும் தெரியவில்லை. இரவும் பகலும் உற்பத்தி செய்கின்றன. செய்ததை வைக்க இடமில்லை. யாருக்காகச் செய்கிறோம் என்று தெரியவில்லை. தங்களையே மறுபடி உண்டாக்கும் ரகசியமும் எரிந்து போய்விட்டது. கடைசியில் ஒரு ஆண் ரோபோவும் ஒரு பெண் ரோபோவும், அறுத்துப் பார்ப்பதானால் என்னை அறு, அவளை விடு, அவனை விடு என்று ஒருவருக்காக ஒருவர் உயிர் கொடுக்க முன்வருகின்றன. அன்பு பிறந்துவிட்டது, இனி உயிர் அழியாது என்று அல்க்விஸ்ட் அவர்களை வாழ்த்தி அனுப்புகிறான். நாடகம் முடிகிறது.

உலகம் இந்த நாடகத்தை எப்படிப் புரிந்துகொண்டது? தகர டப்பா மனிதன், கண்ணில் சிவப்பு விளக்கு, டக் டக் என்று நடை! இதைப் பார்த்துச் சாப்பெக் மனம் நொந்தார். நான் இரும்பு மனிதனைப் பற்றி எழுதவில்லை என்று 1935ல் பத்திரிகையில் மறுப்பே எழுதினார். யந்திரம் மனிதனாகிவிடுமோ என்பது அவருடைய கவலை இல்லை. மனிதனை யந்திரமாக்குகிறார்களே என்பதுதான் அவருடைய கவலை. தோழர்களே, இன்று நான் சொல்ல வந்த விஷயமெல்லாம் இந்த ஒன்றில் அடங்கிவிடுகிறது.

ஆணி மலையும் நீர்ப்பல்லியும்

சாப்பெக் அத்தோடு நிற்கவில்லை. 1922ல் 'பரம்பொருள் தொழிற்சாலை' என்ற நாவல். ஒரு யந்திரம் பொருளை அணு மிச்சமில்லாமல் சக்தியாக மாற்றுகிறது. தொழிற்சாலைகள் தாமாகவே ஓடிச் சரக்கை மலைமலையாகக் குவிக்கின்றன. ஓரிடத்தில் குத்தூசி ஆணி மலை போலக் கிடக்கிறது, நகரத்தில் ரொட்டி இல்லை. உற்பத்தி பெருகினால் போதும், வறுமை தானே ஓடிவிடும் என்று சொல்கிறவர்களுக்கு இந்த நாவல் நல்ல பதில். பெருகியதைப் பங்கிடுவது எப்படி என்ற கேள்வியை ஒரு யந்திரமும் தீர்த்துவைக்காது.

1936ல் வந்தது 'சலமாண்டர்களோடு யுத்தம்'. அவருடைய நாவல்களில் தலைசிறந்தது. சலமாண்டர் என்பது தவளையைப் போல நீரிலும் நிலத்திலும் வாழும் பிராணி, பார்க்கப் பல்லி போல இருக்கும். சுமத்ரா தீவுக்கு அருகில் கப்பல் கேப்டன் ஒருவன் பெரிய நீர்ப்பல்லிகளைக் காண்கிறான். புத்தியுள்ள, சாதுவான பிராணிகள். சுறாவிடமிருந்து தப்பக் கத்தி கொடுத்து, முத்துச் சிப்பி எடுக்கப் பழக்குகிறான். பாண்டி என்ற பெரிய முதலாளி மூலதனம் போடுகிறான். அவ்வளவுதான்! நீர்ப்பல்லி வியாபாரம் உலக வியாபாரமாகிறது. பருத்தி, கோதுமை மார்க்கெட் போல நீர்ப்பல்லி மார்க்கெட். முதல் தரம், பளு தூக்கும் தரம், கழிவு ரகம், குஞ்சு என்று தரம் பிரித்து விலை. ஆப்பிரிக்க மக்களைப் பிடித்துச் சென்று விற்ற அடிமை வியாபாரத்தின் கணக்குப் புத்தகத்தைப் புரட்டுவது போல இருக்கும்.

துறைமுகம் கட்ட நீர்ப்பல்லி, அணை கட்ட நீர்ப்பல்லி, பிறகு கடற்படைக்கும் நீர்ப்பல்லி. ஒவ்வொரு அரசும் ஆயுதம் கொடுக்கிறது. எண்ணிக்கை பெருகப் பெருக அவற்றுக்கு வாழக் கரையோரம் போதவில்லை. நிலத்தை வெட்டிக் கடலில் மூழ்கடிக்கத் தொடங்குகின்றன. அப்போதும் முதலாளிகள் அவற்றுக்கு வெடிமருந்து விற்பதை நிறுத்தவில்லை! உலக வல்லரசுகள் மாநாடு கூட்டுகின்றன. எங்கள் கரையைத் தரமாட்டோம், வேண்டுமானால் சீனாவின் மாகாணங்களைக் கொடுத்துவிடலாம் என்று யோசனை சொல்கின்றன. 1936ல் எழுதினார். இரண்டே வருஷத்தில் அவருடைய சொந்த தேசமே அப்படி ஒரு மாநாட்டு மேஜையில் அறுக்கப்பட்டது.

இந்த நாவலில் போவோந்த்ரா என்று ஒரு வாயிற்காவலன் வருகிறான். முதலாளி பாண்டியின் வீட்டுக் கதவைக் காப்பவன். முதன்முதலில் அந்தக் கேப்டன் வந்தபோது, உள்ளே விடுவதா வேண்டாமா என்று யோசித்து, உள்ளே விட்டவன் இவன்தான். கிழவனான பிறகு, உலகம் மூழ்குவதைப் பார்த்து, நான் அன்று கதவைத் திறக்காமல் இருந்திருக்கலாமே, என் பேரப் பிள்ளைகள் என்னை மன்னிக்குமா என்று தவிக்கிறான். பெரியவர்கள் செய்த பாதகத்தில் சின்னவனுக்கும் ஒரு கதவளவு பங்கு உண்டு என்கிறார் சாப்பெக். நாம் எந்தக் கதவை யாருக்குத் திறந்துவிடுகிறோம் என்று ஒவ்வொருவரும் நினைத்துப் பார்க்க வேண்டிய இடம் இது.

நம்மோடு அவருக்கு இருந்த சண்டை

தோழர்களே, ஒரு விஷயத்தை மறைக்க நான் விரும்பவில்லை. சாப்பெக் கம்யூனிஸ்டு அல்லர். 1924ல், நான் ஏன் கம்யூனிஸ்டு அல்ல என்று ஒரு கட்டுரையே எழுதினார். என் மனம் ஏழைகளின் பக்கம்தான், ஆனால் ஏழைக்கு இன்றைக்கே உதவி வேண்டும், கம்யூனிஸ்டுகள் நாளைய புரட்சியைக் காட்டுகிறார்கள், வெறுப்பை வளர்க்கிறார்கள் என்பது அவர் வாதம். சலமாண்டர் நாவலில் நமது கோஷங்களையும் அவர் கேலி செய்கிறார். அன்றைய செக் கம்யூனிஸ்டுகள் பலர், மத்தியதர வர்க்கத்தின் எழுத்தாளர் என்று அவரைச் சாடினார்கள்.

அவர் வாதத்துக்கு நம் பதில் உண்டு. அவருடைய தேசத்தில் 1918 டிசம்பரில் எட்டு மணி வேலைச் சட்டம் வந்தது. அது யாருடைய தயவாலும் வரவில்லை. பல்லாண்டுகள் வேலைநிறுத்தம் செய்து, சிறை சென்று, பட்டினி கிடந்த தொழிலாளர்களின் சங்கம் அதைக் கொண்டுவந்தது. இன்றைய ரொட்டிக்கும் நாளைய விடுதலைக்கும் ஒரே போராட்டம்தான். சாப்பெக்கின் நாடகத்தில் தொழிலாளி மேடைக்கு வருவதே இல்லை. ரோபோவை உடைத்தான், சுடப்பட்டான் என்று செய்தி மட்டும் வருகிறது. அல்க்விஸ்டின் ஒரு ஜோடிக் கையைக் கண்ட அவருடைய கண், ஆயிரம் ஜோடிக் கைகள் ஒன்று சேர்வதைக் காணவில்லை. இது அவருடைய குறை.

ஆனால் குறை சொன்னவன் எழுதியதைக் குப்பையில் எறிவது புத்திசாலித்தனம் ஆகாது. வயலில் நல்ல விதை கிடைத்தால், கொடுத்தவன் நம் கட்சியா என்று கேட்டா விதைக்கிறோம்?

கடைசி வருஷம்

ஹிட்லரின் நிழல் நீண்டபோது சாப்பெக் ஒதுங்கவில்லை. 1937ல் 'வெள்ளை நோய்' என்ற நாடகம் எழுதினார். உலகமெங்கும் ஒரு கொள்ளைநோய். மருந்து கண்டுபிடித்த ஏழை வைத்தியர் காலென், ஏழைகளுக்கு மட்டும் வைத்தியம் செய்கிறார். பணக்காரனுக்கும் அதிகாரிக்கும் மருந்து வேண்டுமா, முதலில் யுத்தத்தை நிறுத்து என்கிறார். ஆயுத முதலாளி வந்து கெஞ்சுகிறான். கடைசியில் சர்வாதிகாரிக்கே நோய் வந்து, சமாதானத்துக்கு இணங்குகிறான். மருந்தோடு ஓடிவரும் வைத்தியரை, யுத்தவெறி ஏறிய கூட்டம் தெருவிலேயே மிதித்துக் கொல்கிறது.

1938 செப்டம்பரில் மியூனிக் நகரில் பிரிட்டனும் பிரான்சும் ஹிட்லரோடும் முசோலினியோடும் உட்கார்ந்து, செக்கோஸ்லோவாகியாவின் எல்லைப் பகுதியை ஹிட்லருக்கு எழுதிக் கொடுத்தன. செக் மக்களை அந்த அறைக்குள் அனுமதிக்கவே இல்லை. சொந்த நாட்டிலேயே பிற்போக்குவாதிகள் சாப்பெக்கைத் தூற்றினார்கள். மிரட்டல் கடிதங்கள் வந்தன. வெளிநாட்டுக்குப் போய்விடுங்கள் என்று நண்பர்கள் மன்றாடினார்கள். அவர் போகவில்லை. அந்த டிசம்பர் 25ஆம் தேதி நுரையீரல் காய்ச்சலில் காலமானார். வயது நாற்பத்தெட்டு.

1939 மார்ச் 15ஆம் தேதி ஹிட்லரின் பட்டாளம் பிராக் நகருக்குள் புகுந்தது. ஜெர்மன் ரகசியப் போலீஸ் சாப்பெக்கைக் கைது செய்ய அவர் வீட்டுக்கு வந்தது. அவர் இறந்துபோனது அவர்களுக்குத் தெரியவில்லை! செத்த பிறகும் பாசிஸ்டுகள் கைது செய்ய வந்த எழுத்து அவருடைய எழுத்து.

அண்ணன் யோசெப் தப்பவில்லை. 1939 செப்டம்பர் 1ஆம் தேதி கைது செய்யப்பட்டார். முகாம் முகாமாக ஐந்தரை வருஷத்துக்கு மேல் அலைக்கழித்தார்கள். 1945 ஏப்ரலில் பெர்கன்-பெல்சன் முகாமில் மடிந்தார். ரோபோ என்ற சொல்லை உலகுக்குக் கொடுத்தவர், மனிதனை மனிதனாக மதிக்காத இடத்தில் செத்தார். 'தூக்குமேடைக் குறிப்புகள்' எழுதிய செக் கம்யூனிஸ்டு ஜூலியஸ் பூசிக்கை 1943ல் அதே பாசிஸ்டுகள் பெர்லினில் தூக்கிலிட்டார்கள். உயிரோடிருந்தபோது எத்தனையோ வாதம் செய்த இரு தரப்பாரும் ஒரே எதிரியின் கையில் மாண்டார்கள்.

நமக்கு என்ன?

இப்போது வாசலில் கேட்ட அந்த இளைஞருக்கு வருகிறேன்.

1942ல் ஐசக் அசிமோவ் என்ற அமெரிக்க எழுத்தாளர் ஒரு கதையில் ரோபோக்களுக்கு மூன்று சட்டங்கள் எழுதினார். மனிதனுக்குத் தீங்கு செய்யாதே, சொன்னதைக் கேள், உன்னைக் காத்துக்கொள் என்பது அவற்றின் சாரம். நல்லதுதான். ஆனால் சட்டம் ரோபோவுக்கு மட்டும் போதுமா? ரோபோவின் சொந்தக்காரனுக்கு யார் சட்டம் போடுவது? சாப்பெக்கின் நாடகம் இந்தக் கேள்வியைத்தான் நம் முன் வைக்கிறது.

1961ல் அமெரிக்காவின் நியூஜெர்சியில் ஜெனரல் மோட்டார்ஸ் தொழிற்சாலையில் முதல் தொழிற்சாலை ரோபோ வேலைக்கு வந்தது. அதற்குக் கொடுத்த வேலை, அச்சிலிருந்து வரும் கொதிக்கும் உலோக வார்ப்புகளைத் தூக்கி வைப்பது. மனிதன் கை வெந்துபோகும் வேலை. அந்த வேலையை யந்திரம் செய்யட்டும், சந்தோஷம்! யந்திரம் நமக்குப் பகை இல்லை. இடுப்பொடியும் வேலையை யந்திரம் எடுத்துக்கொண்டால், மிச்சப்படும் நேரம் யாருக்குச் சேர வேண்டும்? வேலை செய்தவனுக்கா, அவனை வீட்டுக்கு அனுப்பியவனுக்கா? அறுவடை யந்திரம் வயலில் இறங்கும்போதும், ஆள் இல்லாமல் ஓடும் மிஷின் ஆலைக்கு வரும்போதும், யோசிக்கும் கம்ப்யூட்டர் ஆபீசுக்கு வரும்போதும் கேள்வி ஒன்றேதான்.

இன்னொன்றையும் கவனியுங்கள். யந்திரம் வராத இடத்திலும் ரோபோ செய்யப்படுகிறான். பேசாதே, சிரிக்காதே, கேள்வி கேட்காதே, கழிவறைக்குப் போனால் நிமிஷம் எண்ணுவேன் என்று ஒருவன் சொன்னால், அங்கே டோமினின் தொழிற்சாலை ஓடுகிறது என்று அர்த்தம். பக்கத்து மாநிலத்திலிருந்து பிழைக்க வந்தவன் பேச்சு உனக்குப் புரியாது, அவனோடு சேராதே என்று ஒருவன் சொன்னால், டோமினின் கடைசி யோசனை நடைமுறைக்கு வந்துவிட்டது என்று அர்த்தம்.

ஆகவே தோழர்களே, சாப்பெக்கைப் படியுங்கள். படிக்கத் தெரிந்தவர்கள் தெரியாதவர்களுக்குப் படித்துக் காட்டுங்கள். அவரோடு சண்டை போட வேண்டிய இடத்தில் சண்டை போடுங்கள். அடுத்த முறை உங்கள் பிள்ளை ரோபோ பொம்மையைக் காட்டினால், அந்தப் பெயரின் கதையைச் சொல்லுங்கள். பொஹீமியாவில் வெட்டி வேலை செய்த குடியானவன் ஒருவன் இருந்தான், க்லுமெட்ஸ் குளத்தில் அவனை மூழ்கடித்தார்கள், ஆனாலும் வெட்டி வேலை ஒழிந்தது, அவன் பெயர்தான் இந்தப் பொம்மைக்கு இருக்கிறது என்று சொல்லுங்கள்.

பிள்ளை அதை மறக்காது. நாமும் மறக்க வேண்டாம்.